என் பெயரில் எரிந்தவனுக்கு

யோகன், என் பிரியமான தம்பி,

நீ போய் நாலு வருடத்துக்கு மேலாகிறது. உனக்கு எழுத உட்காருவது இதுதான் முதல் தடவை. அதையும் தனியாக எழுதி மடித்து வைக்காமல், நம் கிரிக்கெட் கழகத்து ஆண்டு மலரில் எல்லாரும் வாசிக்கிற மாதிரி எழுதுகிறேன். உனக்கு இது பிடிக்காது என்று தெரியும். ஆனால் பின்வாங்கிப் பின்வாங்கி எனக்கு அது பழகிப்போய்விட்டது. நாலு பேர் வாசித்த பிறகு பின்வாங்குவது கொஞ்சம் கஷ்டமாக இருக்கும் என்றுதான் இப்படி.

முதலில் இங்கத்தைய புதினம். பாரிஸ் லா சப்பலில் நீ தொலைபேசிக் கூப்பன் காட் வாங்கி ஊருக்குப் பேசுகிற கடை இப்போது சிகை அலங்கார நிலையம். ரூ பஜோல் தெருவில் போன வருடத் தேருக்கும் சனம் முட்டி வழிந்தது; உடைத்த தேங்காயில் வழுக்கி விழுந்து உன் அண்ணி மாலா கையை முறித்துக்கொண்டாள். கழகம் இன்னும் சார்செல் மைதானத்தில்தான் விளையாடுகிறது. ஆடுகளப் பாயை விரிக்க நாலு பேர், மழை வந்தால் சுருட்ட ஒருத்தரும் இல்லை. எனக்கு முழங்கால் போய்விட்டது. நடுவராக நின்று எல்லாரிடமும் ஏச்சு வாங்குகிறேன்.

உன் தங்கச்சி கலாவைப் பற்றிக் கடைசியில் சொல்கிறேன். அதைச் சொல்லத்தான் இந்தக் கடிதமே. ஆனால் அதற்கு முன் வாசிக்கிறவர்களுக்கு நீ யார் என்று தெரிய வேண்டும் அல்லவா? கழகத்திலேயே பாதிப் பேர் உனக்குப் பிறகு வந்தவர்கள்.

நீ கிளிநொச்சியில் ஒரு தனியார் கல்வி நிலையத்தில் ஆங்கிலம் படிப்பித்தவன். பள்ளிக்கூட அணிக்கு இடக்கையால் மெதுபந்து போட்டவன். 2009இல் யுத்தம் முடிந்தபோது அந்தத் தடுப்பு முகாமுக்குள் போய், எப்படியோ வெளியே வந்து, அடுத்த வருடம் ஒரு தோள்பையோடு சார்செலில் எங்கள் வீட்டுக் கதவைத் தட்டினாய். உன் சித்தப்பா என்னோடு படித்தவர், அவ்வளவுதான் நமக்குள் உறவு. மாலா உனக்குச் சோறு போட்டாள். மூன்று நாள் நீ தூங்கினாய். முகாமில் என்ன நடந்தது என்று கேட்டால் "ஒண்டும் நடக்கேல்லை அண்ணை" என்று ஒரு தட்டையான குரலில் சொல்வாய். நான் பிறகு கேட்பதை விட்டுவிட்டேன்.

உன் அகதி விண்ணப்பத்தை இரண்டு தடவை நிராகரித்தார்கள். வதிவிட அட்டை இல்லாமல் வேலை இல்லை. நாங்கள் அதைக் காட் என்போம். காட் இல்லாதவனுக்குக் காட் உள்ளவன் தன்னுடையதைக் கொடுப்பது இங்கே புதிதல்ல. ஒருத்தனின் பெயரில் இரண்டு பேர், சில வேளை மூன்று பேர் பாத்திரம் கழுவுவார்கள். நானும் என்னுடையதைப் பிரதி எடுத்து உன் கையில் தந்தேன். நல்ல மனதோடுதான் தந்தேன், அதை மட்டும் நம்பு. வெள்ளைக்காரனுக்கு நம் எல்லாருக்கும் ஒரே முகம்தான் என்று பகிடி வேறு விட்டேன்.

அன்றிலிருந்து நான் காலையில் ஒரு அலுவலகக் கட்டடத்தைத் துடைக்கிற குணசீலன். நீ ஒரு உணவகத்தின் நிலவறையில் சட்டி பானை தேய்க்கிற குணசீலன். அங்கே உன்னைக் "குணா" என்று கூப்பிட்டார்கள். முதல் கிழமை கூப்பிட்டால் திரும்பமாட்டாயாம், அதற்கு உன்னைச் செவிடன் என்று நினைத்தார்களாம். நீ சொல்லச் சொல்ல மாலா வயிறு வலிக்கச் சிரித்தாள்.

கிரிக்கெட்டும் அப்படித்தான். சுற்றுப்போட்டியில் பதிவு செய்யக் காட் கேட்டார்கள். அதற்கும் என் பெயரைக் கொடுத்தோம், அந்த வருடம் நான் விளையாடவில்லை. நீ அந்த வருடம் போட்ட பந்தை இன்றைக்கும் பொபினி அணிக்காரர் பேசுகிறார்கள். சுருதி பிசகாமல் ஒரே இடத்தில் விழும், விழுந்த பிறகு எந்தப் பக்கம் போகும் என்று ஒருத்தனுக்கும் பிடிபடாது. வருட முடிவில் சிறந்த பந்துவீச்சாளர் கிண்ணம் குணசீலனுக்கு. நேராக ஒரு பந்து போடத் தெரியாத நான் மேடையேறி அதை வாங்கினேன். நீ கீழே நின்று எல்லாரையும் விடப் பலமாகக் கை தட்டினாய்.

அன்றைக்கு வீட்டுக்கு வரும் ரயிலில்தான் அந்த ஆங்கிலேயரின் கதையைச் சொன்னாய். மொந்ரெய் பழைய சாமான் சந்தையில் எடுத்த அட்டை கிழிந்த புத்தகம் ஒன்று உன்னிடம் இருந்தது. இரண்டு பெரிய யுத்தங்களுக்கும் நடுவில் இங்கிலாந்தில் ஏதோ ஒரு கவுண்டி அணிக்கு விளையாடிய ஒரு மனிதரின் வாழ்க்கை. பெயர் பெற்றவர் அல்ல. நாட்டு அணிக்குள் ஒரு நாளும் போகாதவர். உன்னை மாதிரியே இடக்கையால் மெதுபந்து. நீ அவரை "வங்கிக்கிளாக்கர்" என்றே சொல்வாய்.

வங்கியில் கிளாக்கராக இருந்தவர்தான். விளையாட லீவு தரமாட்டார்கள். கவுண்டி கூப்பிட்டபோது காய்ச்சல் என்று கடிதம் கொடுத்துவிட்டு, வேறொரு பெயரில் இரண்டு ஆட்டம் ஆடினார். இரண்டாவது ஆட்டத்தில் ஒரே இன்னிங்ஸில் ஏழு விக்கெட். அடுத்த நாள் பத்திரிகை முழுக்க அந்தப் பொய்ப் பெயர். வங்கி மானேஜர் கிரிக்கெட் பைத்தியம். இவர் மேசைக்கே பத்திரிகையைக் கொண்டுவந்து அந்த ஏழு விக்கெட்டையும் ஒவ்வொன்றாக வாசித்துக் காட்டினாராம். "இவனல்லவா பந்துவீச்சாளன்" என்றாராம். கிளாக்கர் தலையாட்டிக்கொண்டு பேரேட்டை எழுதினார். இந்த இடத்தை நீ மானேஜரின் குரலில் நடித்துக் காட்ட, ரயிலில் இருந்த வெள்ளைக்காரக் கிழவி திரும்பிப் பார்த்தாள்.

பிறகு அவர் வங்கியை விட்டுவிட்டுச் சம்பளத்துக்கு ஆடுகிறவராகச் சேர்ந்தார். அந்தக் காலத்தில் சம்பளக்காரருக்கு உடை மாற்ற வேறு அறையாம். மைதானத்துக்குள் இறங்க வேறு வாசலாம். ஸ்கோர் அட்டையில் சம்பளம் வாங்காமல் ஆடுகிற துரைமாருக்கு முதலெழுத்து பெயருக்கு முன்னால், சம்பளக்காரருக்குப் பின்னால். "அண்ணை, எங்களுக்கு முதலெழுத்தும் இல்லை, பெயரும் இல்லை" என்று நீ சொன்னாய். ஒன்பது பருவம் ஆடினார். அந்த ஏழு விக்கெட் மாதிரி பிறகு ஒரு நாளும் வாய்க்கவில்லை. தோள் போனது, கவுண்டி கழற்றி விட்டது, ஒரு பள்ளிக்கூடத்தில் பயிற்சி கொடுத்தார். நாற்பதாம் ஆண்டு, வயது கடந்த பிறகும் பட்டாளத்தில் சேர்ந்து, பிரான்சின் வடக்கே பின்வாங்கி ஓடும்போது செத்துப்போனார்.

ஏழு விக்கெட் என்ன ஆயிற்று என்று கேட்டேன். அது பிறக்காத ஒருத்தனின் கணக்கிலேயே கிடந்ததாம். முப்பது வருடத்துக்குப் பிறகு, அன்றைக்கு விக்கெட்டுக்குப் பின்னால் நின்ற கீப்பர், கிழவனாகி, பதிவு வைத்திருப்பவர்களுக்கு ஒரு கடிதம் எழுதினார். அது இன்னாருடையது, எனக்குத் தெரியும், நான் அன்றைக்கு அங்கே நின்றேன் என்று. அதன் பிறகு திருத்தினார்கள்.

"அந்தக் கீப்பர் முப்பது வரியம் என்னத்துக்கு அண்ணை பேசாமல் இருந்தவன்?" என்று கேட்டாய்.

"செத்தவனுக்கு என்ன அவசரம்?" என்றேன் நான். நீ என்னை ஒரு மாதிரிப் பார்த்தாய். பிறகு சார்செல் வந்துவிட்டது, இறங்கினோம். அந்த ஆங்கிலேயரின் உண்மைப் பெயரை நீ இரண்டு மூன்று தடவை சொன்னாய். எவ்வளவு யோசித்தும் எனக்கு அது ஞாபகம் வரவில்லை.

இனி நீ சாகிற பகுதி. இதை எழுதக் கை வரவில்லை, என்றாலும் எழுதுகிறேன்.

உனக்குப் பத்து நாளாக நெஞ்சு நொந்திருக்கிறது. நீ பிறகு போய்த் தங்கிய லா சப்பல் அறையில் உன்னோடு இருந்த நாலு பேருக்கும் தெரியும். டொக்டரிடம் போ என்று சொல்லியிருக்கிறார்கள். நீ என்ன சொன்னாய் என்பதை அவர்களில் மூத்தவன் தவம் எனக்குப் பிறகு சொன்னான். "குணம் அண்ணையின்ரை பெயரில நெஞ்சுநோ எண்டு எழுதினால் அந்த மனிசனுக்கு வேலைக்குக் கரைச்சல். பிறகு பாப்பம்." என் பெயரில் கறை படக்கூடாது என்று நீ உன் நெஞ்சைப் பொத்திக்கொண்டு சட்டி தேய்த்திருக்கிறாய். உன் சொந்தப் பெயர் உன்னிடம் இருந்திருந்தால் நீ போயிருப்பாயா? போயிருந்தால் இன்றைக்கு இருந்திருப்பாயா?

மத்தியான நேரம், நிலவறைப் படிக்கட்டில் விழுந்தாய். நான் அப்போது லண்டனில், அக்காவின் மகளின் கல்யாணத்தில் சாம்பார் வாளியோடு நிற்கிறேன். ஆஸ்பத்திரிக்காரர் உன் உணவக முதலாளியிடம் காட் கேட்டார்கள், அவர் அந்தப் பிரதியைக் கொடுத்தார். நான் திரும்பி வந்து இறங்குகிறேன், லா சப்பல் கடைக் கண்ணாடிகளில் உன் படம் போட்ட மரண அறிவித்தல். அதில் உன் பெயர் சரியாக இருந்தது. நகரசபைப் பதிவேட்டில் குணசீலன் காலமானார் என்று இருந்தது. தமிழில் நீ செத்திருந்தாய், பிரெஞ்சில் நான் செத்திருந்தேன்.

உடனே போய்ச் சொல்ல வேண்டியதுதானே என்று வாசிக்கிறவர்கள் நினைப்பார்கள். தவம் என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதான். அந்த அறையில் நாலு பேருக்கும் காட் இல்லை. பொலிஸ் வந்தால் நாலு பேரையும் ஊருக்குத் திருப்பி ஏற்றிவிடுவார்கள், எரிக்கிற வரைக்கும் பொறுங்கோ என்றான். பொறுத்தேன்.

எரிக்கிற இடத்தில் ஒரு பணியாளர் கடதாசியோடு வெளியே வந்து என் பெயரை வாசித்து, "குடும்பத்தினர் யார்?" என்று கேட்டார். முப்பது பேர் இருந்தோம், ஒருத்தரும் அசையவில்லை. இரண்டாம் தரம் கேட்டார். நான் எழும்பினேன். எனக்கு உறவினன் என்று நானே கையெழுத்து வைத்தேன், எழுத்து விளங்காத மாதிரிக் கிறுக்கி. உன் கால்மாட்டில் பூப்போட்டபோது தேவாரம் பாடியவர் உன் பெயரைச் சொன்னார். அதுதான் இந்த நாட்டில் உன் பெயரைப் பலமாக ஒருத்தர் சொல்லி நான் கேட்ட கடைசித் தடவை.

அதன் பிறகு நான் செத்தவனாக வாழத் தொடங்கினேன். மாலாவுக்கு ஆழ்ந்த அனுதாபங்கள் என்று அரச கடிதம் வந்தது. மருத்துவ அட்டை முடக்கப்பட்டது, வேலையில் என்னை ஒரு மாதிரிப் பார்த்தார்கள். மகள் "பாப்பா எ மோர்", அப்பா செத்துவிட்டார், என்று தன் சிநேகிதிகளுக்குச் சொல்லிச் சிரித்தாள், பிறகு ஒரு நாள் அழுதாள். வழக்கறிஞர் பிடித்து, நான் உயிரோடு இருக்கிறேன் என்று நிரூபிக்கப் போனேன். அப்போதுதான் அந்தக் கேள்வி வந்தது.

ஒரு அதிகாரி மேசைக்கு மேலால் உன் படத்தைத் தள்ளினார். ஆஸ்பத்திரியில் எடுத்தது. கண் மூடியிருந்தது, தாடையில் மூன்று நாள் மயிர். உங்கள் காட்டைப் பாவித்த இந்த ஆளைத் தெரியுமா என்று கேட்டார். பிரதி எப்படி அவரிடம் போனது என்று கேட்டார்.

தெரியாது என்றேன். ரயிலில் பை ஒன்று தொலைத்தேன், அதற்குள் இருந்திருக்கும் என்றேன்.

அப்படியே எழுதிக்கொண்டார். மிகவும் மரியாதையாக, நடந்ததற்கு வருந்துவதாகவும் சொன்னார். சில மாதத்தில் நீதிமன்றம் திருத்தியது. என் பெயரை எடுத்துவிட்டு, அந்த இடத்தில் அடையாளம் தெரியாத ஆண் என்று போட்டார்கள். நான் உயிரோடு வந்தேன், நீ ஒருத்தரும் இல்லாதவனாகப் போனாய். யோகன், நான் உன்னைக் கள்ளனாக்கினேன். எங்கள் வீட்டுச் சோபாவில் மூன்று நாள் தூங்கிய உன்னை.

உண்மையைச் சொல்ல, காட் புதுப்பிக்கிற வரைக்கும் பொறுப்போம் என்றேன். பிறகு மகளின் பிரஜாவுரிமை வரட்டும் என்றேன். பிறகு மாலாவின் ஒப்பந்தம் நிரந்தரமாகட்டும் என்றேன். எல்லாமே நல்ல காரணங்கள், அதுதான் அதில் உள்ள அசிங்கம்.

கலாவைப் பற்றி இப்போது சொல்கிறேன். புலனாய்வுக்காரர் உன்னைத் தேடி ஊரில் உங்கள் வீட்டுக்கு வருவதை இன்னும் நிறுத்தவில்லை. உன் பெயர் ஏதோ ஒரு பட்டியலில் இருக்கிறது. அண்ணன் பிரான்சில் செத்துப்போனான் என்று அவள் சொன்னால், மரணச் சான்றிதழைக் காட்டு என்கிறார்கள். எதைக் காட்டுவாள்? கடைக் கண்ணாடியில் ஒட்டிய அறிவித்தலை அனுப்பினேன். அதைப் பார்த்துச் சிரித்தார்களாம், எங்கேயோ ஒளிந்திருந்துகொண்டு அச்சடித்து அனுப்புகிறான் என்றார்களாம். மாதம் ஒரு தரம் கூப்பிட்டு விசாரிக்கிறார்கள். இங்கே அலுவல் சுணங்குகிறது என்று அவளுக்கும் நான் பொய் சொல்லிக்கொண்டே இருந்தேன்.

போன மாதம் கூப்பிட்டவர்கள் இரண்டு நாள் வைத்திருந்து அனுப்பினார்கள். அவள் படிப்பிக்கிற பள்ளிக்கூடத்தில் கொஞ்ச நாள் வீட்டில் இருங்கள் என்றுவிட்டார்கள். என்ன நடந்தது என்று போனில் கேட்டேன்.

"ஒண்டும் நடக்கேல்லை அண்ணை," என்றாள். உன் குரல்தான். அதே தட்டையான குரல். நான் போனை வைத்துவிட்டுக் குளியலறைக்குள் போய்க் கதவைப் பூட்டிக்கொண்டேன்.

அடுத்த நாள் எடுத்து உண்மையைச் சொன்னேன். காட் கொடுத்தது, நீ என் பெயரில் எரிந்தது, படத்தைப் பார்த்து நான் தெரியாது என்றது, எல்லாம். அவள் முழுவதையும் கேட்டாள். திட்டுவாள் என்று காத்திருந்தேன், திட்டியிருந்தால் எனக்கு நல்லது.

"இஞ்சையும் அப்பிடித்தான் அண்ணை," என்றாள். "சண்டை முடிய ஆமியிட்டைப் பிள்ளையளைக் கையாலை குடுத்த சனம் போய்க் கேட்டால், அவங்களும் அதைத்தான் சொல்லுறவங்கள். அப்பிடி ஒரு ஆளைத் தங்களுக்குத் தெரியாதெண்டு."

பிறகு, வேறு ஒன்றுமில்லையே, வைக்கட்டோ என்று மரியாதையாகக் கேட்டுவிட்டு வைத்தாள்.

மாலாவிடம் சொன்னேன். காட்டைப் பறித்தால் என்ன செய்கிறது என்று கேட்டாள். வழக்கறிஞரிடம் போய்க் கேட்டேன். பொய் வாக்குமூலம், காட் கொடுத்த குற்றம், இரண்டும் சேர்ந்தால் எங்கே போய் நிற்கும் என்று சொல்ல முடியாது, யோசித்துச் செய்யுங்கள் என்றார். மாலா இரண்டு நாள் வேலைக்குப் போய் வந்து, சமைத்து வைத்துவிட்டுப் படுத்துக்கொண்டாள். மூன்றாம் நாள், "அந்தப் பிள்ளை இரண்டு நாள் உள்ளுக்குள்ளை இருந்தவள்," என்று மட்டும் சொன்னாள். அதற்குப் பிறகு அவள் மறிக்கவில்லை.

செய்ய வேண்டியது சின்ன விஷயம்தான் யோகன், அதுதான் வெட்கம். உன் அகதி விண்ணப்பத்தில் உன் படமும் கைரேகையும் உன் பெயரோடு இருக்கின்றன. ஆஸ்பத்திரிப் படம் இன்னொரு கோப்பில் பெயரில்லாமல் இருக்கிறது. இரண்டும் ஒரே ஆள் என்று யாராவது சொன்னால் போதும், மிச்சத்தை அவர்களே ஒப்பிட்டுப் பார்ப்பார்கள். நாலு வருடமாக அந்த யாராவது நான்தான்.

தவமும் மற்றவர்களும் பயப்பட வேண்டாம். அறை கலைந்து எல்லாரும் திக்குக்கொருவராகப் போய்விட்டார்கள், நான் ஒருத்தரின் பெயரும் சொல்லமாட்டேன். கழகத்தில் என்னை ஏசப்போகிறவர்கள் ஏசுங்கள். காட் கொடுக்கிற எல்லாருக்கும் இவனால் ஆபத்து என்று சொல்வீர்கள், அதிலும் நியாயம் இருக்கிறது.

ஊருக்குத் திருப்பி அனுப்பினால் அனுப்பட்டும் என்று வீரமாக எழுதத்தான் ஆசை. எனக்குப் பயமாக இருக்கிறது. இருபத்திரண்டு வருடம் இங்கே இருந்துவிட்டேன், என் மகளுக்கு வேறு ஊர் தெரியாது. பயம் போன பிறகு போகலாம் என்று இனியும் இருந்தால் கலாவை மூன்றாம் நாளும் வைத்திருப்பார்கள்.

செவ்வாய்க்கிழமை காலை ஒன்பது மணிக்கு பொபினியில், அன்றைக்கு உன் படத்தைக் காட்டிய அதே அலுவலகத்தில் எனக்கு நேரம் தந்திருக்கிறார்கள். நான் போவேன். இந்த மலர் உங்கள் கைக்கு வரும்போது போய் வந்திருப்பேன், அல்லது வராமல் இருப்பேன். அவர்கள் உன் படத்தை மறுபடி என் முன்னால் வைப்பார்கள். இந்த முறை நான் முழுதாகப் பார்ப்பேன், தம்பி. சத்தியம்.

உன்னைத் தெரியும் என்று சொல்லப்போகிற,
உன் குணம் அண்ணை